பூட்டுக்குள் எட்டு மாத வாடகை

ஜூன் 9

அன்புள்ள தம்பிக்கு,

அக்கா எழுதுகிறேன். எனக்கென்ன, கல்லுக்குண்டு போல இருக்கிறேன். நீயும் உன் வீட்டுக்காரியும் பாப்பாவும் சுகம்தானே?

பாப்பாவின் நர்சிங் படிப்புக்குப் பணம் கேட்டு நீ எழுதிய கடிதம் நேற்று வந்தது. சுற்றி வளைக்காமல் சொல்லிவிடுகிறேன். என்னிடம் பணம் இல்லை.

கடை இரும்புப் பெட்டியில் மூன்று கவர்கள் இருக்கின்றன. ஏப்ரல், மே, ஜூன். மூன்றும் கடை வாடகை. கட்டிடக்காரப் பெரியவர் மார்ச்சில் போய்ச் சேர்ந்தாரே, அதிலிருந்து வாங்கிக்கொள்ள ஆள் வரவில்லை. இருபத்திரண்டு வருடமாக ஒன்றாம் தேதி பத்து மணிக்கு அவரே நேரில் வந்து, பணத்தை வாங்கி, என் சின்ன நோட்டில் கையெழுத்துப் போட்டுவிட்டுப் போவார். இனி அவருடைய வாரிசு வந்து நிற்கும்வரை கவர்கள் அங்கேயே இருக்கும். நீ கேட்ட தொகை ஒரு கவருக்குள் அடங்கும் என்று எனக்கும் கணக்குத் தெரியும். என் பெட்டிக்குள் இருப்பதால் அது என் பணமாகிவிடாது. ஊரார் சாவியெல்லாம்கூடத்தான் என் கடையில் தொங்குகிறது, அதற்காக எல்லார் வீடும் என் வீடா?

ஆசை இருக்கு தாசில் பண்ண, அம்சம் இருக்கு கழுதை மேய்க்க என்பார்கள். கையில் காசில்லாமல் பெரிய படிப்புக்கு எதற்காக வாக்குக் கொடுத்தாய்? வீட்டில் விற்க ஏதாவது இருந்தால் விற்றுக் கட்டு. அடுத்தவன் பணத்தை எடுத்து உனக்குக் கொடுக்க நான் ஆளில்லை. இனி இது பற்றி எழுதாதே.

உடம்பைப் பார்த்துக்கொள்.

அக்கா

•

நவம்பர் 20

அன்புள்ள தம்பிக்கு,

ஐந்து மாதமாக உன்னிடமிருந்து ஒரு வரி இல்லை. போனில் கூப்பிட்டால் "ம்" என்கிறாய், வைத்துவிடுகிறாய். லிஃப்ட் மெக்கானிக் என்றால் வாய்க்கும் கதவு வைத்திருக்க வேண்டுமா? அதனால்தான் தாளை எடுத்தேன். தாளில் என்னை நடுவில் நிறுத்த முடியாது பார். நான் சுகம். நீ எப்படி என்று நீதான் சொல்ல வேண்டும்.

இங்கே ஒரு வேடிக்கை நடந்திருக்கிறது. பன்னிரண்டாம் தேதி காலை கடைக்குப் போனால் என் ஷட்டரில் என் பூட்டு இல்லை. புதுப் பூட்டு ஒன்று பளபளவென்று தொங்குகிறது. பக்கத்தில் ஒரு காகிதம்: எட்டு மாத வாடகை பாக்கி, ஒப்பந்தப்படி இடத்தைத் திரும்ப எடுத்துக்கொண்டேன், இப்படிக்குப் பெரியவரின் மகன். நமக்குச் சின்னவர். பூட்டுக்கடைக்கே பூட்டுப் போட்டிருக்கிறார்! தெருவே சிரித்தது, நானும் சேர்ந்து சிரித்தேன்.

ஒன்றை ஒளிக்காமல் சொல்லிவிடுகிறேன். ஜூலையிலும் செப்டம்பரிலும் அவர் பதிவுத் தபால் அனுப்பினார். ஒரு வங்கிக் கணக்கு எண், அதில் வாடகையைப் போடு என்று. நான் போடவில்லை. முகம் தெரியாத ஆளுக்கு யாராவது பணம் போடுவார்களா? சாவி செய்யக் கொடுத்தவர் நேரில் வந்தால்தான் சாவியைக் கையில் தருவேன், போனில் யார் கேட்டாலும் தரமாட்டேன். வாடகைக்கும் அதே முறைதான். நேரில் வந்து, இன்னார் மகன் என்று காட்டி, நோட்டில் கையெழுத்துப் போட்டு வாங்கிக்கொள் என்று பதில் எழுதினேன். அவர் வரவில்லை. பூட்டுதான் வந்தது.

கருவிப் பை உள்ளே. சாவி வெட்டும் மெஷின் உள்ளே. எட்டுக் கவர்களும் உள்ளே. வாடகை தரவில்லை என்று பூட்டினவர் வாடகையையும் சேர்த்துப் பூட்டிவிட்டார். கைக்கு எட்டியது வாய்க்கு எட்டாத கதை. அந்தப் பூட்டு ஒன்றரை நிமிட வேலை, ஆனாலும் தொடவில்லை. நாளை ஒரு வக்கீலைப் பார்க்கிறேன். கடை திரும்பி வரும். நீ கவலைப்படாதே.

அக்கா

•

டிசம்பர் 1

அக்காவுக்கு,

வணக்கம். இங்கு மூவரும் நலம். உங்கள் கடிதம் கிடைத்தது.

பூட்டியது சட்டப்படி சரியா என்று வக்கீல் சொல்லட்டும். அதுவரை நீங்கள் அந்தப் பூட்டின் பக்கமே போக வேண்டாம். உங்களால் திறக்க முடியும் என்று தெருவுக்கே தெரியும். எது காணாமல் போனாலும் உங்கள் தலையில்தான் விழும். வங்கிக் கணக்கில் போட்டு ரசீதை வைத்திருந்தால் இவ்வளவும் வந்திருக்காது.

பாப்பா படிக்கிறாள். முதல் வருடம்.

உடல்நலம் பேணவும்.

தம்பி

•

டிசம்பர் 9

அன்புள்ள தம்பிக்கு,

"நீங்கள்" போட்டு எழுதியிருக்கிறாய். பிறந்த நாளிலிருந்து "நீ" என்று கூப்பிட்டவன்! கோபம் ஆறவில்லை என்று புரிகிறது, இருக்கட்டும். பாப்பா படிப்பில் சேர்ந்துவிட்டாள் என்று இப்போதுதான் தெரிகிறது. அந்த ஒரு வரியை நாலு தடவை படித்தேன். எனக்கு லேசாக இருமல், வேறொன்றுமில்லை.

வக்கீல் கிடைத்துவிட்டார். சின்னப் பெண், எப்போதும் ஜலதோஷம், ஆனால் மூளை அரம் போட்டுத் தீட்டினது. அவர் சொன்னதை உனக்குப் புரிகிற மாதிரி சொல்கிறேன். வாடகை பாக்கி விழுந்தால் உரிமையாளர் இடத்தை எடுத்துக்கொள்ளலாம் என்று நம் ஒப்பந்தத்தில் இருக்கிறது. பெரியவர் காலத்தில் அந்த வரியை யார் படித்தது? ஆனால் வியாபாரம் செய்கிறவர், பாக்கி முழுவதையும் வட்டியோடும் செலவோடும் கொண்டுவந்து நீதிமன்றத்தில் வைத்தால், "இவர் கடையை இவருக்கே திருப்பிக் கொடு" என்று நீதிபதி சொல்லலாமாம். சொல்லலாம், அவ்வளவுதான். சொல்லியே தீர வேண்டும் என்று இல்லை. "கேக்கறவங்க கை சுத்தமா இருக்கணும்மா. அதைத்தான் மொதல்ல பாப்பாங்க" என்றார். என் கையைக் காட்டினேன். எண்ணெய்க் கறைதான் இருக்கிறது என்றேன். சிரித்துத் தும்மினார்.

கடை போனால் எனக்கு என்ன மிஞ்சும் என்று நீ கேட்கமாட்டாய், நானே சொல்கிறேன். ஒன்றும் மிஞ்சாது. வேறு இடம் பிடிக்க முன்பணம் இல்லை, ஐம்பத்தாறு வயதில் யாரும் கூலிக்கு வைத்துக்கொள்ள மாட்டார்கள். அதனால் தோற்பது என்பது நம் திட்டத்தில் இல்லை.

ஆனாலும் தொழில் நிற்கவில்லை. டீக்கடை வாசலில் ஸ்டூல் போட்டு உட்கார்ந்திருக்கிறேன். போன மாதம் இருபத்தாறாம் தேதி எதிர்க் கட்டிடத்து மூன்றாம் மாடி டீச்சரம்மா அலறிக்கொண்டு இறங்கி வந்தார். இரண்டு வயதுப் பிள்ளை உள்ளே தாழ்ப் போட்டுவிட்டது, அடுப்பில் பால். நாலு நிமிடம். கதவில் ஒரு கீறல் விழாமல் திறந்தேன். பால் பொங்கி அடுப்பை அணைத்து கேஸ் வாடை வந்துகொண்டிருந்தது. பிள்ளை என்னைப் பார்த்துச் சிரிக்கிறது, எமன்! தெருவில் இப்போது எனக்கு ஏக மரியாதை.

சின்னவர் பூட்டை விரலால்கூடத் தொடவில்லை, நீ நிம்மதியாகத் தூங்கு.

அக்கா

•

டிசம்பர் 15

அக்கா,

எல்லோரும் நலம். இருமலுக்கு மருந்து வாங்கிக் குடி.

உன் கடிதத்தை மூன்று முறை படித்தேன். கருவிப் பை உள்ளே மாட்டிக்கொண்டது என்று நவம்பரில் எழுதினாய். நவம்பர் 26 அன்று மூன்றாம் மாடிக் கதவைக் கீறல் விழாமல் நாலு நிமிடத்தில் திறந்தாய். எதை வைத்துத் திறந்தாய்? கொண்டை ஊசியாலா? டீக்கடை வாசலில் எதை வைத்துத் தொழில் செய்கிறாய்?

பதில் எனக்கு வேண்டாம். வக்கீலம்மாவிடம் சொல். சத்தியம் செய்து எழுதும் பத்திரத்தில் கையெழுத்துப் போடுவதற்கு முன்னால் சொல்.

தம்பி

•

டிசம்பர் 28

அன்புள்ள தம்பிக்கு,

இருமல் போய்விட்டது. நுணலும் தன் வாயால் கெடும். பெருமை அடித்துக்கொள்ளப் போய் மாட்டிக்கொண்டேன்.

ஆமாம், திறந்தேன். டீச்சரம்மா என் கையைப் பிடித்து இழுக்கிறார், என் கையில் ஒரு கம்பிகூட இல்லை. தையல்கடையில் ஒரு வளைந்த ஊசி வாங்கி, சின்னவர் பூட்டைத் திறந்து, ஷட்டரை முழங்கால் உயரம் தூக்கி, குனிந்து போய் ஆணியில் தொங்கின பையை எடுத்துக்கொண்டு ஓடினேன். திரும்பி வந்து பூட்டிவிட்டேன், பை மட்டும் என்னிடமே இருக்கிறது. உன்னிடம் ஏன் மறைத்தேன் என்றால், நீ "போகாதே" என்று சொன்ன பிறகு "போய்விட்டு வந்தேன்" என்று எழுத வாய் வரவில்லை. நீ ஆறு மாதம் கழித்து எழுதின முதல் கடிதம் அது.

வக்கீலம்மாவிடம் சொன்னபோது அவர் பேனாவை வைத்துவிட்டார். பத்திரம் தட்டச்சாகி, கையெழுத்து மட்டும்தான் பாக்கி. "இதை யார் பாத்தாங்க?" என்றார். "யாரும் பாக்கல. பூட்டுல தடயமும் இருக்காது. நான் செஞ்ச வேல ஆச்சே" என்றேன். "அப்ப எதுக்கும்மா சொல்றீங்க?" என்றார். "சத்தியம் பண்ணிச் சொல்லச் சொல்றீங்கல்ல, அதுக்குத்தான்" என்றேன். தலையில் அடித்துக்கொண்டார். பிறகு அந்தப் பக்கத்தைக் கிழித்துப் போட்டுவிட்டு மறுபடி தட்டினார். இன்று நடந்தது நடந்தபடி எழுதிக் கையெழுத்துப் போட்டாகிவிட்டது. மடியில் கனமில்லை, வழியில் பயமில்லை. கொஞ்சம் பயம் இருக்கிறது, வெளியே காட்டவில்லை.

வாய்தா ஜனவரி பதினாறு. "நீ" என்று எழுதினதற்குச் சந்தோஷம். பாப்பா எந்த ஊர்க் கல்லூரி, விடுதியா, எதுவுமே நீ எழுதவில்லையே.

அக்கா

•

ஜனவரி 20

அன்புள்ள தம்பிக்கு,

நான் நன்றாகச் சாப்பிடுகிறேன், நன்றாகத் தூங்குகிறேன். நீ உயரத்தில் வேலை செய்கிறவன், இடுப்புப் பட்டையைக் கட்டாமல் ஏறாதே.

நீதிமன்றம் ஒரு நீளமான அறை. மின்விசிறி சுற்றுகிற சத்தத்தில் பாதி கேட்கவில்லை. எதிர்த்தரப்பு வக்கீல் என் பத்திரத்தைக் கையில் உயர்த்திப் பிடித்து, "பூட்டைத் திறந்ததை மனுதாரரே ஒத்துக்கொள்கிறார்" என்று ஆரம்பித்தார். நீதிபதி என்னைப் பார்த்தார்.

"உள்ள போனப்ப அந்தப் பணம் எங்க இருந்துச்சு?"

"பெட்டியிலதாங்க. பைக்கு ரெண்டடி தள்ளி."

"கோர்ட்ல கட்ட பணம் வேணும்னு தெரிஞ்சிருந்தும் ஏன் எடுக்கல?"

"அன்னைக்கு நான் போனது பணத்துக்கு இல்லீங்க. புள்ள உள்ள மாட்டிக்கிட்டிருந்துச்சு. ஒரு காரணத்துக்குத் தொறந்த கதவுல இன்னொரு வேலை பாக்கக் கூடாதுங்க. எங்க தொழில்ல அது திருட்டு."

அவர் எதையோ எழுதிக்கொண்டார். இரண்டு நாளில் நீதிமன்ற அமீனா முன்னிலையில் கடையைத் திறந்து கவர்களை எடுத்துவர உத்தரவு. பதினெட்டாம் தேதி சின்னவரும் வந்திருந்தார். முதல் முறையாகப் பார்க்கிறேன். அப்பா சாயல் துளியும் இல்லை, நடை மட்டும் அப்படியே. என்னிடம், "லெட்டர்ல தெளிவா கணக்கு நம்பர் குடுத்திருந்தேனே, அதுல போட்டிருந்தா முடிஞ்சிருக்குமே" என்றார். "நேர்ல வந்திருந்தா நானும் குடுத்திருப்பேனே" என்றேன். இரண்டு பேருமே சரி, இரண்டு பேருமே முட்டாள்.

எட்டுக் கவர்களும் இருந்தன, தொகை சரி. ஆனால் அமீனா கண்ணாடியைத் தூக்கி வைத்துக்கொண்டு ஒவ்வொன்றாகப் பார்த்து, மே மாதக் கவர் மட்டும் ஒரு முறை பிரித்து மறுபடி ஒட்டப்பட்டிருக்கிறது என்று குறித்துக்கொண்டார். மறுநாள் நீதிமன்றத்தில் எதிர்த்தரப்பு வக்கீல் அதைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டார். நவம்பர் 26 அன்று உள்ளே போய்க் கவர்களைப் புதிதாகத் தயார் செய்து வைத்திருக்கிறேன், மாதா மாதம் எடுத்து வைத்தேன் என்பதே கட்டுக்கதை என்கிறார். ஏன் பிரித்தாய் என்று நீதிபதி கேட்டதற்கு, "எண்ணிப் பாத்தேங்க" என்றேன்.

பூட்டுவதற்கு முன்பே இந்தக் கவர்கள் இருந்தன என்பதற்கு ஆதாரம் கேட்கிறார்கள். பெரியவர் கையெழுத்துப் போட்ட நோட்டு மார்ச்சோடு நிற்கிறது. என்னிடம் வேறு ஒன்றும் இல்லை. வாய்தா பிப்ரவரி பன்னிரண்டு. பார்த்துக்கொள்ளலாம். வழி இல்லாத பூட்டு எங்கே இருக்கிறது?

அக்கா

•

ஜனவரி 27

அக்கா,

இங்கு அனைவரும் நலம். பட்டை கட்டித்தான் ஏறுகிறேன்.

உன்னிடம் ஆதாரம் இல்லை என்று எழுதியிருக்கிறாய். ஆதாரம் என்னிடம் இருக்கிறது என்று உனக்குத் தெரியும். கேட்க வாய் வரவில்லை, அவ்வளவுதானே?

ஜூன் 9 தேதியிட்ட உன் கடிதம். உறையின் மேல் தபால் முத்திரை தெளிவாக இருக்கிறது. "ஏப்ரல், மே, ஜூன். மூன்றும் கடை வாடகை" என்று உன் கையெழுத்தில் இருக்கிறது. கிழித்துப் போட்டிருப்பேன் என்று நினைத்தாயா? கிழிக்கவில்லை. லாக்கரில், என் வேலைச் சட்டைக்குக் கீழே வைத்திருக்கிறேன்.

அதைக் கொடுத்தால் முழுவதையும் படிப்பார்கள். நான் உன்னிடம் கையேந்தியதும் நீ எனக்குச் சொன்னதும் ஊரார் காதில் விழும். பணம் கேட்டு எழுதியது என் வீட்டில்கூடத் தெரியாது. நேற்று இரவு சாப்பாடு முடிந்ததும் அவளிடம் சொன்னேன். அவள் தட்டுகளை எடுத்து வைத்தாள். பிறகு, "போயிட்டு வாங்க" என்றாள்.

தபாலில் அனுப்பமாட்டேன், தொலைந்தால் போச்சு. பன்னிரண்டாம் தேதி காலை நேரே கொண்டு வருகிறேன். அன்று மாலையே திரும்ப வேண்டும்.

தம்பி

•

பிப்ரவரி 18

அன்புள்ள தம்பிக்கு,

நீ பத்திரமாகப் போய்ச் சேர்ந்தாய் என்று உன் வீட்டுக்காரி போன் செய்தாள். என் உடம்புக்கு என்ன? ஒரு வாரமாகப் பறக்கிறது.

தீர்ப்பு பதினேழாம் தேதி வந்தது. கடை நமக்கே!

எட்டு மாத பாக்கி, வட்டி, அவர்கள் வக்கீல் செலவு எல்லாம் நான் கட்ட வேண்டும். பூட்டிக் கிடந்த மூன்று மாதத்துக்கும் வாடகை உண்டாம். பூட்டினவருக்கே வாடகை! ஒரு கண்ணில் வெண்ணெய், ஒரு கண்ணில் சுண்ணாம்பு என்று முணுமுணுத்தேன். வக்கீலம்மா என் காலை மிதித்தார். அதைத் தவணையில் கட்டலாம். கட்டினால் ஒப்பந்தம் பழையபடி உயிரோடு இருக்கும், பூட்டே போடாத மாதிரி. இனி வாடகை வங்கிக் கணக்கில்தான் என்று நீதிபதி என்னைப் பார்த்துக் கண்டிப்பாகச் சொன்னார். சரி என்று தலையாட்டினேன். தோற்ற இடத்தில் தோற்கத்தானே வேண்டும். முன் அனுமதி இல்லாமல் பூட்டைத் திறந்தது தவறு, ஆனால் மறைக்காமல் சொன்னது அதை ஈடு செய்கிறது என்றும் எழுதியிருக்கிறார். அந்த வரி உன்னுடையது.

நீ சாட்சிக் கூண்டில் நின்றதைச் சொல்கிறேன். உனக்கே தெரியும், ஆனாலும் நான் பார்த்ததை நான்தான் எழுத முடியும். அந்த வக்கீல் என் கடிதத்தை ஏற்ற இறக்கத்தோடு வாசித்தார். கழுதை மேய்க்கிற இடம் வந்தபோது பின்வரிசையில் யாரோ சிரித்தார்கள். எனக்கு அங்கேயே பூமிக்குள் போய்விடலாம் போல இருந்தது. நீ கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு நேரே பார்த்து நின்றாய். "இப்படி ஒரு கடிதத்தை ஏன் எட்டு மாசம் பாதுகாத்து வச்சிருந்தீங்க?" என்று அவர் மடக்கினார். "கோவத்துலதாங்க. மறந்துடக் கூடாதுன்னு. அன்பா எழுதியிருந்தா எங்கயாவது போட்டிருப்பேன்" என்றாய். நீதிபதியே குனிந்து வாயை மறைத்துக்கொண்டார். அந்த வக்கீல் கடிதத்தை மடித்து வைத்துவிட்டு உட்கார்ந்தார்.

வெளியே வந்து, உன் வண்டி எங்கே, பஸ்ஸில் ஏன் வந்தாய் என்று கேட்டேன். "ரிப்பேர்" என்றாய். நான் பூட்டுக்காரி. எது நிஜமாகவே மாட்டிக்கொண்டிருக்கிறது, எது சும்மா சாத்தியிருக்கிறது என்று தொட்டாலே தெரியும். போன ஜூனிலேயே விற்றுவிட்டாய், இல்லையா? "விற்க ஏதாவது இருந்தால் விற்றுக் கட்டு" என்று எழுதின கை இதுதான்.

கடையைத் திறந்துவிட்டேன். மூன்று மாதத் தூசியைக் கூட்டித் தள்ளியாகிவிட்டது. முதல் வேலையே சின்னவர் வீட்டு அலமாரிச் சாவி. ஆள் அனுப்பியிருந்தார். நேரில் வரச் சொன்னேன். வந்தார்!

அக்கா

•

மார்ச் 3

அக்கா,

நலம். தீர்ப்பை வீட்டில் எல்லோருக்கும் படித்துக் காட்டினேன். பாப்பா கைதட்டினாள்.

வண்டியைப் பற்றி இனிப் பேச வேண்டாம். நடந்தால் தொந்தி குறைகிறது.

ஒன்று மட்டும் கேட்கிறேன். மே மாதக் கவரை எண்ணிப் பார்க்கப் பிரித்ததாக நீதிபதியிடம் சொன்னாய். எண்ணி ஒட்டினதை நீ இரண்டாம் தடவை எண்ணி நான் பார்த்ததில்லை. அந்தக் கவரை ஏன் பிரித்தாய்?

தம்பி

•

மே 22

அன்புள்ள தம்பிக்கு,

நான் சுகம். கேட்ட கேள்விக்குப் பதில் எழுத இரண்டரை மாதம் எடுத்துக்கொண்டதற்குக் கோபித்துக்கொள்ளாதே. வெறுங்கையோடு இந்தப் பதிலை எழுத எனக்கு மனமில்லை.

பணத்தை எண்ணிப் பார்த்தேன் என்று நீதிபதியிடம் சொன்னது பொய் இல்லை. எதற்காக எண்ணினேன் என்று அவர் கேட்கவில்லை. நீதான் கேட்டாய்.

ஜூன் 8 அன்று உன் கடிதம் வந்தது. மறுநாள் கடையைத் திறந்ததும் முதல் வேலையாக மே மாதக் கவரைப் பிரித்தேன். பாப்பாவுக்காக. நீ கேட்ட தொகையை எண்ணி எடுத்தேன், மிச்சத்தைக் கவரிலேயே வைத்தேன், கடையைச் சாத்திவிட்டுத் தபால் நிலையத்துக்குப் போனேன். பணம் அனுப்பும் படிவத்தில் உன் பெயரும் எழுதியாகிவிட்டது. எனக்கு முன்னால் மூன்று பேர். மூன்று பேரும் போகிறவரை, நாளைக்கே பெரியவரின் மகன் வந்து நின்றால் என்ன சொல்வேன் என்று யோசித்துக்கொண்டே நின்றேன். என் முறை வந்தது. ஜன்னலுக்குள் இருந்தவர், "சொல்லுங்கம்மா" என்றார். நான் வரிசையை விட்டு விலகி வந்துவிட்டேன்.

படிவத்தைக் கிழித்தேன். அங்கேயே சாய்வு மேஜையில் நின்றபடி அந்தக் கடிதத்தை உனக்கு எழுதினேன். பணம் என் பைக்குள் இருந்தது. அந்தக் கடிதத்தில் அவ்வளவு கடுமை எதற்கு என்று நீ நினைத்திருப்பாய். அடுத்தவன் பணத்தை எடுத்துக் கொடுக்க நான் ஆளில்லை என்று எழுதினேனே, அதை எனக்கே சொல்லிக்கொண்டேன், தம்பி. உன்னைத் திட்டாமல் இருந்திருந்தால் மறுபடி வரிசையில் போய் நின்றிருப்பேன். பிறகு கடைக்கு வந்து பணத்தைத் திரும்ப வைத்துக் கவரை ஒட்டினேன். ஐந்து மாதம் உன்னிடமிருந்து கடிதம் வராதபோதெல்லாம் அந்தக் கவரைத்தான் எடுத்து எடுத்துப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

அந்தக் கடிதத்தை என் நேர்மைக்குச் சாட்சி என்று தீர்ப்பில் எழுதியிருக்கிறார்கள். இருக்கலாம். செய்தது சரி என்றுதான் இன்றைக்கும் சொல்வேன். ஆனால் சரியைச் செய்துவிட்டு ஒரு வருடம் எனக்குத் தூக்கம் கெட்டது.

வழக்குச் செலவு கட்டிவிட்டேன், தவணையும் முடிந்தது, இந்த மாத வாடகை வங்கியில் போட்டாகிவிட்டது. இது அதெல்லாம் போக என் சொந்தப் பணம். யாரும் வந்து கேட்க முடியாதது. பாப்பாவின் இரண்டாம் வருடக் கட்டணம் அக்காவுடையது. வேண்டாம் என்று எழுதினால் நேரே கிளம்பி வந்துவிடுவேன், ஜாக்கிரதை.

இன்று காலை எனக்கு முன்னால் ஏழு பேர். கடைசிவரை நின்றேன். ரசீது இத்துடன் இருக்கிறது.

அக்கா